சாமிக்கு ஒரு நாள், ஊருக்கு ஒரு நாள்

முதலில் அந்தக் கறுப்புச் சதுரத்தைச் சொல்லிவிடுகிறேன். நம் வயதுக்காரர்களுக்கு அதை விளக்க வேண்டியதில்லை. தொண்ணூறுகளில் மதுரையில் எந்தத் தெருமுனையில் திரும்பினாலும் சுவரில் ஒரு சதுரத்துக்குக் கறுப்புப் பூசியிருக்கும். அதன் தலையில் பெயிண்டில் ஏதாவதொரு மன்றத்தின் பெயர். கீழே சாக்பீஸில் ஒரு பொன்மொழியோ, ஒரு கல்யாண வாழ்த்தோ, யாரையோ குத்திக் காட்டி இரண்டு வரியோ இருக்கும். பழங்காநத்தத்தில் எங்கள் வீட்டு முன்சுவரிலும் அப்படி ஒன்று இருந்தது. சுவர் எங்களுடையது, பலகை மன்றத்துடையது. எழுதியது என் அத்தை.

அத்தை என்றால் அப்பாவின் தங்கை. அப்பாவுக்கும் அவருக்கும் வயது வித்தியாசம் அதிகம். அப்பா வளர்த்த பெண் என்றே சொல்லலாம். பள்ளிப் படிப்பை முடித்துவிட்டு வீட்டில் இருந்தார். மன்றத்துத் தலைவர் ஒரு சோம்பேறி அண்ணன். பொங்கல் வாழ்த்தைச் சித்திரை வரைக்கும் அழிக்க மாட்டார். ஒருநாள் அத்தை வாசலில் நின்று, "ஏண்ணே, இன்னும் பொங்கல் பொங்கிக்கிட்டே இருக்கா?" என்று கேட்டார். அவர் சாக்பீஸ் டப்பாவைத் தூக்கி அத்தை கையில் கொடுத்துவிட்டார். "அம்புட்டு அக்கறைன்னா நீயே எழுதுத்தா. நானும் காலையில கொஞ்சம் தூங்கிக்கிருவேன்."

அன்றிலிருந்துதான் 'இதே நாளில்' தொடங்கியது.

அத்தைக்கு இந்தத் தேதிப் பைத்தியம் எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியாது. பாய் கடையில் பொட்டலம் மடிக்க வைத்திருக்கும் பழைய பேப்பர், ரேடியோ, என் பாடப் புத்தகம், எவரோ கொடுத்த பொது அறிவுப் புத்தகம் என்று கண்ட இடத்திலிருந்தெல்லாம் பொறுக்குவார். காலையில் ஈரத்துணியால் பலகையைத் துடைப்பார். ஈரமான சிமெண்டும் சுண்ணாம்பும் கலந்து ஒரு வாடை வரும் பாருங்கள், இன்றைக்கும் மழை பெய்து சுவர் நனைந்தால் எனக்கு அத்தையின் கைதான் ஞாபகத்துக்கு வருகிறது. பிறகு எழுதுவார். ஜூலை பத்தா, வேலூர்க் கோட்டையில் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்தார்கள். ஜூலை பதினான்கா, பாரிஸில் ஜனங்கள் சிறையை உடைத்தார்கள். உலகச் செய்தி இரண்டு. கடைசி வரி மட்டும் எங்கள் தெருவுக்கு. 'இதே நாளில் நம் தெருவுக்குக் குழாய்த் தண்ணீர் வந்தது.'

அந்தக் கடைசி வரிக்குத்தான் கூட்டம். தெருவில் ஆளாளுக்கு ஒரு நாளைத் தூக்கிக்கொண்டு வர ஆரம்பித்தார்கள். இட்லிக்கடை அக்கா ஒருநாள் வந்து, "எங்க வீட்டுக்காரரு குடியை விட்டுட்டாரு, எழுதிப் போடு" என்றார்.

"எப்பக்கா விட்டாரு?"

"இன்னைக்குத்தான்."

"இன்னைக்கு விட்டா அடுத்த வருஷந்தானக்கா 'இதே நாளில்'னு எழுத முடியும்?"

"நீ இன்னைக்கே எழுது. எழுதிட்டா ஊரு பாக்குமேன்னு அந்த மனுசன் அடுத்த வருஷம் வரைக்கும் தாக்குப்பிடிக்கட்டும்."

அத்தை எழுதினார். அந்த மனிதர் பலகையைப் பார்த்துவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டு போனார். எதிர்சுவரை ஒட்டியே நடக்க ஆரம்பித்தார். ஆனால் குடிக்கவில்லை, கொஞ்ச காலத்துக்காவது.

நிலவில் மனிதன் கால்வைத்த நாளுக்கு ஒரு சண்டையே நடந்தது. அத்தை ஜூலை இருபது என்று எழுதியிருந்தார். எதிரே கடை வைத்திருந்த பாய் கல்லாவை விட்டு இறங்கி வந்தார். "தங்கச்சி, தப்பு. இருபத்தொண்ணு. நான் வேப்பங்குச்சியை வாயில வச்சுக்கிட்டு நிக்கிறேன், ரேடியோவுல சொல்றான். நல்ல வெயில் அடிக்குது."

"புத்தகத்துல இருபதுன்னு போட்டிருக்கே பாய்?"

"அது அமெரிக்காக்காரனுக்கு இருபது. பல்லு வெளக்கினது நானுல்ல?"

தெருவே சிரித்தது. அத்தை மறுநாளும் அதையே எழுதினார். கீழே, 'பாய் பல் விளக்கியபோது' என்று சேர்த்தார். பாய் அன்றைக்கு எனக்கு இஞ்சி மிட்டாய் சும்மா கொடுத்தார்.

இந்தச் சிரிப்புக்கு நடுவில்தான் கல்லுப்பட்டி வாத்தியார் வந்தார். டி. கல்லுப்பட்டியிலிருந்து காலை பஸ்ஸில் வந்து எங்கள் பஸ் ஸ்டாண்டில் இறங்கி, எங்கள் தெரு வழியாகத்தான் தன் பள்ளிக்கூடத்துக்குப் போவார். பையில் சாப்பாட்டுத் தூக்கு, சட்டைப்பையில் சிவப்பு மை பேனா. பலகை முன்னால் நின்று முழுதும் வாசித்துவிட்டுத்தான் நகர்வார். ஒருநாள் அத்தை எழுதிக்கொண்டிருக்கும்போதே வந்துவிட்டார்.

"இதை எழுதறது நீங்கதானா?"

"ஏன், தப்பு இருக்கா?"

"இல்லங்க. நாளைக்கு என்ன எழுதப்போறீங்கன்னு இன்னைக்கே சொன்னீங்கன்னா, பஸ்ல வாரப்ப யோசிச்சுக்கிட்டே வருவேன்."

"நாளைக்குள்ளது நாளைக்குத்தான்" என்று அத்தை திரும்பாமலே சொன்னார். ஆனால் பலகையில் அவர் கை ஒரு நொடி நின்றதை நான் பார்த்தேன். மறுநாளிலிருந்து அத்தை தலையை வாரிவிட்டு எழுத வந்தார். அதுவரை எழுதிவிட்டுத்தான் வாருவார்.

ஆனி முடிவதற்குள் வாத்தியார் தன் அம்மாவைக் கூட்டிக்கொண்டு வீட்டுக்கே வந்துவிட்டார். ஒல்லியான அம்மா, வாய் நிறைய வெற்றிலை. "இவன் பஸ்ஸை விட்டு எறங்கினா ஒரு செவரைப் பாத்துக்கிட்டு நிக்கிறானாம்ல. எந்தச் செவரு, எனக்கும் காட்டுறான்னு வந்தேன்" என்றார். அப்பாவுக்கே சிரிப்பு வந்துவிட்டது. ஜாதகம் மாறியது, பொருந்தியது. ஆடி முடியட்டும், ஆவணியில் நாள் பார்த்துக்கொள்ளலாம் என்று பேசி முடித்தார்கள். அத்தைக்கு அந்த ஆடி மட்டும் குறுக்கே கிடந்தது.

இந்த இடத்தில் ஆகஸ்ட் ஆறைச் சொல்ல வேண்டும்.

அத்தை பிறந்தது ஆகஸ்ட் ஆறு. அந்தத் தேதியில்தான் ஹிரோஷிமாவில் குண்டு விழுந்தது என்பது பள்ளிக்கூடம் போன எல்லோருக்கும் தெரியும். அந்தத் தேதியில்தான் எங்கள் தாத்தாவும் இறந்தார். அத்தை சின்னப் பிள்ளையாக இருந்தபோது, பிறந்தநாளுக்குக் கவுன் எடுக்கச் சிம்மக்கல் பக்கம் போனவர் ரோட்டைக் கடக்கும்போது லாரியில் அடிபட்டார். கவுன் பொட்டலம் மட்டும் வீடு வந்து சேர்ந்தது. ரோஸ் நிறம், கழுத்தில் வெள்ளை லேஸ். யாரும் போடவில்லை, யாருக்கும் கொடுக்கவும் மனமில்லை. தகரப் பெட்டியின் அடியில் கிடந்தது. பெட்டியைத் திறந்தால் பாச்சை உருண்டை வாடையோடு அதன் லேஸ் எட்டிப் பார்க்கும். அப்புறம் எந்த வீடு மாறும்போது தொலைந்ததோ தெரியாது.

என் அப்பா போஸ்டர் அச்சடிக்கும் பிரஸ்ஸில் வேலை பார்த்தார். மதுரைக்காரர்களுக்குச் சொல்ல வேண்டாம். பிறந்தாலும் போஸ்டர், காது குத்தினாலும் போஸ்டர், செத்தாலும் போஸ்டர், செத்து ஒரு வருஷம் ஆனாலும் போஸ்டர். அப்பா ஒவ்வொரு ஆகஸ்ட் ஆறுக்கும் தன் அப்பாவுக்குத் தானே ஒரு நினைவஞ்சலி போஸ்டர் போடுவார். எழுத்தைத் தானே தேர்ந்தெடுப்பார், தாத்தா படத்துக்கு மையைத் தானே பார்த்துப் பார்த்து விடுவார். விடிந்ததும் பசை வாளியோடு போய்த் தெருத் தெருவாகத் தன் கையாலேயே ஒட்டிவிட்டு வருவார். மைதா பசையின் புளித்த வாடை அன்றைக்கு வீடு முழுக்க இருக்கும். அன்றைக்கு அத்தை யார் கண்ணிலும் படாமல் அடுப்படியிலேயே இருப்பார். பிறந்தநாள் என்ற சொல்லை எங்கள் வீட்டில் அன்று உச்சரிக்கக் கூடாது.

ஆனால் தாத்தாவுக்குத் திதி கொடுப்பது வேறொரு நாளில். ஆடித் தேய்பிறையில் ஒரு திதி. ஐயர் பஞ்சாங்கத்தைப் பார்த்து நாளைச் சொல்வார். ஒரு வருஷம் முன்னே வரும், ஒரு வருஷம் பின்னே வரும். அந்த வருஷம் ஜூலைக் கடைசியிலேயே வந்துவிட்டது. எள்ளும் தண்ணீரும் இறைத்து, காக்காய்க்குச் சோறு வைத்து, எல்லாம் முறையாக முடிந்தது. அடுத்த வாரமே அப்பா போஸ்டர் அச்சடித்துச் சுருட்டிக்கொண்டு வந்து நின்றார். எனக்குக் குழப்பமாகிவிட்டது.

"ஏம்மா, தாத்தா ரெண்டு தடவையா செத்தாரு?"

அம்மா வாயைப் பொத்தினார், என் வாயையும் தன் வாயையும். சிரிப்பு அடங்கியதும் மெதுவாகச் சொன்னார்: "அது சாமிக்கு. இது ஊருக்கு."

அப்போது அது எனக்குப் போதுமான பதிலாக இருந்தது.

ஆகஸ்ட் ஆறு. அப்பா விடியலிலேயே வாளியோடு கிளம்பிப் போயிருந்தார். முதல் போஸ்டரை எங்கள் சுவரில், பலகைக்குப் பக்கத்திலேயே ஒட்டியிருந்தார். தாத்தா ஈரமாக இருந்தார். அத்தை எழுந்து வந்து பலகையைத் துடைத்தார். 'இதே நாளில் ஹிரோஷிமாவில் அணுகுண்டு வீசப்பட்டது' என்று ஒரே ஒரு வரி எழுதினார். தெருவுக்கு உரிய கடைசி வரியை எழுதாமல் உள்ளே போய்விட்டார். ஒவ்வொரு வருஷமும் அப்படித்தானாம்.

நான் வாசல்படியில் உட்கார்ந்து ஷூவுக்குக் கயிறு கட்டிக்கொண்டிருந்தேன். வாத்தியார் வந்தார். அன்றைக்கு அவரோடு அவர் அம்மாவும் வந்திருந்தார். கையில் வாழையிலைக்குள் சுற்றிய மல்லிகை, ஒரு அல்வாப் பொட்டலம். "ஆடியில கல்யாணப் பேச்சுத்தான் கூடாது. மருமகளுக்குப் பொறந்தநாளுக்குப் பூக் குடுக்கக் கூடாதுன்னு எவன் சொன்னான்?" என்று என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினார். வாத்தியார் ஜாதகத்தில் பார்த்துத் தேதியைக் குறித்து வைத்திருக்கிறார்.

அத்தையைக் கூப்பிட நான் எழுவதற்குள், வாத்தியார் பலகைக்குக் கீழே சுவரில் அடித்திருந்த கட்டையிலிருந்து சாக்பீஸை எடுத்தார். எழுதாமல் விட்டிருந்த அந்தக் கடைசி வரியில், சாய்வான எழுத்தில் நிதானமாக எழுதினார்:

'இதே நாளில், இந்தப் பலகையை எழுதுகிறவர் பிறந்தார்.'

என் அம்மாவும் அத்தையும் வாசலுக்கு வந்தார்கள். அத்தை வாசித்தார். அந்த முகத்தை எனக்கு இப்போதும் சொல்லத் தெரியவில்லை. அழப்போகிறவர் மாதிரியும் இருந்தது, யாரோ பெயர் சொல்லிக் கூப்பிட்டுத் திரும்பியவர் மாதிரியும் இருந்தது. அதைப் பார்த்தவர்கள் நாங்கள் நான்கு பேர்தான். ஏனென்றால் அதற்குள் தெருமுனையில் அப்பா வந்துவிட்டார்.

காலி வாளி, முழங்கை வரை காய்ந்த பசை. வெறும் வயிறு. அப்பாவை அந்நேரம் யாரும் பேச்சுக் கொடுக்காமல் விட்டிருக்க வேண்டும். நேராகப் பலகையைப் பார்த்தார்.

"எவன் எழுதுனது இது?"

"நான்தாங்க" என்றார் வாத்தியார், சிரித்த முகமாக. "இன்னைக்குத்தானே பொறந்தநாளு..."

"இன்னைக்கு எங்கப்பன் செத்த நாளு. பக்கத்துல ஒட்டியிருக்கேன்ல? படிச்ச மனுசனுக்குக் கண்ணு தெரியலையா?"

"தெரியாதுங்க. மன்னிச்சுக்கங்க. ரெண்டும் ஒரே நாள்ங்கறது..."

"ஒரே நாளு இல்லய்யா. இவ பொறந்த நாளுதான் எங்கப்பனைக் கொண்டுபோச்சு. இவளுக்குக் கவுன் எடுக்கப் போயித்தான் செத்தாரு. இந்தத் தேதியில நாங்க பல்லைக் காட்டிச் சிரிச்சே எம்புட்டு வருசம் ஆச்சு தெரியுமா?"

சொல்லிக்கொண்டே தோள் துண்டை எடுத்துப் பலகையை அழித்தார். ஹிரோஷிமாவும் சேர்ந்து அழிந்தது. துண்டில் இருந்த பசை பலகையில் இழுபட்டு வெள்ளைப் பட்டையாக நின்றது.

வாத்தியாரின் அம்மா போஸ்டரைத் திரும்பிப் பார்த்தார். மென்றுகொண்டிருந்த வாய் நின்றுவிட்டது. "அப்பாவைக் கொண்டுபோன தேதியா?" என்று மெல்லக் கேட்டார். யாரிடம் கேட்டார் என்று தெரியவில்லை.

என் அம்மா பதறிப்போய் முன்னால் வந்தார். "அவரு கோவத்துல பேசறாருங்க. திதியெல்லாம் போன வாரமே குடுத்தாச்சு. அது வேற நாளு. பஞ்சாங்கத்துல பாருங்க, நட்சத்திரமும் வேற, திதியும் வேற."

அந்த வீட்டில் அன்று சரியானதைச் சொன்னவர் அம்மா ஒருவர்தான். யார் காதிலும் ஏறவில்லை. அப்பா, "நீ உள்ள போ" என்றார்.

"நாங்க ஒண்ணும் சொல்லல தாயி" என்றார் வாத்தியாரின் அம்மா. "கூடப் பொறந்தவரே சொல்றாரு. அதுக்கு மேல நாங்க என்னத்தச் சொல்ல? எனக்கு இவன் ஒருத்தன்தான்."

பூவை யார் கையிலும் கொடுக்கவில்லை. திரும்ப எடுத்துப் போகவும் இல்லை. முன்சுவர் மேல் வைத்துவிட்டு நடந்தார். வாத்தியார் ஒருமுறை திரும்பி அத்தையைப் பார்த்தார். பிறகு தன் அம்மா பின்னாலேயே போனார்.

அத்தை அழவில்லை. "அண்ணே, கையைக் கழுவுங்க. பசை காஞ்சா தோலை உரிச்சிரும்" என்றார். சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து தானே ஊற்றினார்.

எங்கள் பள்ளிக்கூடத்தில் அன்று ஹிரோஷிமாவுக்காகத் தலை குனிந்து நின்றோம். காகிதக் கொக்கு மடிக்கச் சொல்லிக் கொடுத்தார்கள். சாயங்காலம் என் கொக்கை அத்தையிடம் கொடுத்தேன். அவர் அதைப் பலகைக் கட்டையில், சாக்பீஸ் பக்கத்தில் வைத்தார். சுவர் மேல் மல்லிகை இலைக்குள்ளேயே வெந்துபோயிருந்தது. வீட்டில் யாரும் அதைத் தொடவில்லை.

கல்யாணத் தரகர் ஒருவர் வந்து சொல்லிவிட்டுப் போனார்: பையன் வேண்டும் என்கிறானாம், தாய் மாட்டேன் என்கிறாளாம். அப்பாவுக்கு அப்போதுதான் உறைத்தது. தான் சொன்னதை வெறும் துக்கம் என்றுதான் அவர் நினைத்திருக்கிறார்; கேட்டவர்களுக்கு அது ஜாதகமாகிவிட்டது. கல்லுப்பட்டிக்கு ஆள் அனுப்பிப் பார்த்தார், நேரிலும் போய்விட்டு வந்தார். என்ன நடந்தது என்று சொல்லவில்லை. செருப்பைக் கழற்றாமலே வெகுநேரம் வாசலில் உட்கார்ந்திருந்தார். வாத்தியார் அதற்குப் பின் எங்கள் தெரு வழியாக வரவில்லை. மெயின் ரோட்டைச் சுற்றிக்கொண்டு போகிறார் என்று பாய் சொன்னார். அத்தை சாக்பீஸ் டப்பாவை மன்றத்து அண்ணனிடமே திருப்பிக் கொடுத்துவிட்டார். பலகையில் மறுபடியும் பழைய வாழ்த்துகள் மாதக்கணக்கில் நின்றன.

"என்னத்தா, பலகை ஊமையாப் போச்சு?" என்று பாய் ஒருநாள் கேட்டார். அத்தை, "எழுதறதுக்கு நாளே இல்ல பாய்" என்றார்.

பின்னால் வந்த வரன்களுக்கு அப்பா வேறு ஜாதகம் எழுதச் சொன்னார். அதே ஜாதகம்தான்; இங்கிலீஷ் தேதியை மட்டும் விட்டுவிட்டார். ஆடி, இன்ன நட்சத்திரம், இன்ன திதி. அந்தக் காகிதத்தில் அத்தைக்கு ஒரு குறையும் இல்லை. யாரும் எதுவும் கேட்கவில்லை. ராஜபாளையத்தில் மில்லில் வேலை பார்த்த ஒருவருக்குக் கட்டிக்கொடுத்தோம். நல்ல மனிதர், அதிர்ந்து பேசமாட்டார். தேதி, கிழமை எதுவும் அவருக்கு நினைவிருக்காது. "அதுவும் ஒரு நிம்மதிதான்" என்று அத்தை ஒருமுறை சொன்னார்.

எனக்கு இதெல்லாம் பிடிபட இவ்வளவு காலம் ஆகியிருக்கிறது. எங்கள் வீட்டில் கல்யாணமா, காது குத்தா, பால் காய்ச்சுவதா, எல்லாம் பஞ்சாங்கத்துத் தேதியில்தான். செத்தவருக்குச் சோறு வைப்பதுகூட அதில்தான். அந்தக் கணக்கில் அத்தையின் பிறப்பும் தாத்தாவின் இறப்பும் ஒருநாளும் ஒன்றாக வந்ததே இல்லை. அத்தையை மட்டும்தான் நாங்கள் போஸ்டர் தேதியில் வைத்துப் பார்த்தோம். அம்மா அன்று வாசலில் நின்று சொன்னதும் இதுதான்.

அப்பாவின் கடைசி வருஷங்களில் அவர் மகள் வீடு என்று என்னோடு வந்து இருந்தார். பிரஸ் போய்விட்டது, பார்வை மங்கிவிட்டது. போஸ்டர் போடுவதை எப்போது நிறுத்தினார் என்று யாரும் கவனிக்கவில்லை. அந்தப் பக்கம் ரோட்டை அகலப்படுத்தியதில் எங்கள் சுவரும் போய்விட்டது. ஒரு ஆகஸ்ட் காலையில், காபியை வைத்ததும், "அத்தைக்குப் போன் போடு" என்றார். போட்டுக் கையில் கொடுத்தேன். ஸ்பீக்கரில்தான் அவருக்குக் காது கேட்கும்.

"சாப்ட்டியாத்தா?"

"சாப்ட்டேண்ணே. நீங்க?"

"ம்."

அங்கே குக்கர் விசிலடித்தது. பிறகு அத்தை கேட்டார். "அப்பாவுக்குத் திதி இந்த வருசம் என்னைக்குண்ணே வருது?"

"அடுத்த வாரம். வியாழக்கிழமை."

"அப்ப இன்னைக்கு ஒண்ணும் இல்லல்லண்ணே?"

அப்பா போனை வாய்க்கு அருகில் கொண்டுபோனார். "இல்லத்தா" என்றார். "இன்னைக்கு ஒண்ணும் இல்ல."

அத்தை லேசாகச் சிரித்த மாதிரி இருந்தது. "சரிண்ணே. வச்சிரவா?"

பிறந்தநாள் என்ற சொல்லை அப்பா அன்றைக்கும் சொல்லவில்லை. சொல்லத்தான் போன் போடச் சொன்னார் என்று எனக்குத் தெரியும். போனை என்னிடம் நீட்டிவிட்டுத் தன் உள்ளங்கையைத் துண்டில் துடைத்துக்கொண்டே இருந்தார். அதில் ஒன்றும் ஒட்டியிருக்கவில்லை.

"அந்தக் கல்லுப்பட்டி வாத்தியாரு அன்னைக்கு என்னன்னு எழுதியிருந்தாரு?" என்று கேட்டார்.

சொன்னேன். 'இதே நாளில், இந்தப் பலகையை எழுதுகிறவர் பிறந்தார்.'

அப்பா தலையை ஆட்டிக்கொண்டார். வாழ்நாள் முழுக்க எழுத்தைப் பார்த்துப் பார்த்து அச்சடித்த மனிதர். காபியில் கட்டியிருந்த ஆடையை விரலால் ஒதுக்கிவிட்டுச் சொன்னார்.

"கையெழுத்து நல்லா இருந்துச்சுத்தா."